காலை மறைச்சிட்டு காமெடி காட்டாதீங்க

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கமுங்க.

போன வாரம் உங்க பேப்பர்ல வாசகர் கடிதம் பகுதில ஒருத்தர் எழுதியிருந்தாரு. பழைய ஜாக்கி சான் படத்துக்கெல்லாம் எச்டி, ஃபோர்கேன்னு எதுக்கு இவ்ளோ அலட்டல், பிரிண்ட் எப்படி இருந்தா என்ன, டிஷூம்னு சத்தம் கேக்குது, ஆளு விழறான், சிரிக்கறோம், முடிஞ்சுதுன்னு. அதைப் படிச்சு முடிக்கறதுக்குள்ள எனக்கு டீ ஆறிப்போச்சு. கோத்தகிரில டீ ஆறறதுக்கு ரெண்டு நிமிஷம் போதும்னு வைங்க, இருந்தாலும் மனசு கேக்கல, அதான் எழுதறேன். நீளமா போகும், நீங்க எங்க வேணா வெட்டிக்கலாம்.

நான் 2001லேர்ந்து ஒம்போது வருசம் இங்க சிடி வாடகைக்கு விட்டவன். ஒரு நாளைக்கு பத்து ரூபா, ஒரு படத்துக்கு ரெண்டு டிஸ்க்கு, கீறல் விழுந்தா அம்பது ரூபா ஃபைன்னு போர்டு மட்டும் எழுதி வெச்சிருந்தேன், யாரும் கட்டினதில்ல. சரக்கு எங்கேர்ந்து வந்துச்சுன்னு மட்டும் கேக்காதீங்க. இப்ப அதே கடைல ஜெராக்ஸும் ரீசார்ஜும் ஓடுது. புதுப்படமெல்லாம் வந்த முதல் வாரம்தான் பறக்கும், அப்புறம் தூசி. வருசம் பூரா போய்க்கிட்டே இருந்தது ரெண்டே ஐட்டம், ஒண்ணு சாமி படம், இன்னொண்ணு ஜாக்கி சான் படம். டீ ஃபேக்டரில நைட் ஷிப்ட் முடிச்சிட்டு வர்ற பசங்க, எஸ்டேட் லைன்ல இருக்கறவங்க, ஹட்டிலேர்ந்து, அதான் படுகர் ஊர்லேர்ந்து, சந்தைக்கு வந்துட்டு அப்படியே பேரனுக்கு ஒண்ணு எடுத்துட்டுப் போற தாத்தாமாருங்க, எல்லாருக்கும் அவர்தான்.

ஒரு நாள் ஒரு பையன் போலீஸ் ஸ்டோரி சிடிய கொண்டாந்து டேபிள் மேல தட்டுன்னு வெச்சான். "அண்ணா, இது மாட்டுதுண்ணா, ஒரே சீனு மூணு தடவ ஓடுது, காசத் திருப்பிக் குடுங்க"ன்னான். எந்த சீனுடான்னு கேட்டா, கடைசில அந்த ஷாப்பிங் மால்ல மேல்மாடிலேர்ந்து லைட் சுத்தின கம்பத்தப் புடிச்சுக்கிட்டு சர்ருனு எறங்குவாரே, அது. எனக்கு சிரிப்பு தாங்கல. அது சிடி கோளாறே இல்லீங்க, படமே அப்படித்தான். 1985ல எடுத்த படம், அந்த ஒரு குதிய மூணு ஆங்கிள்ல மூணு தடவ காட்டுவாங்க, நெசமாவே குதிச்சாருய்யா, டூப் இல்ல, நல்லாப் பாத்துக்கன்னு சொல்றதுக்காக. அந்த லைட்டு சூட்டுல கையெல்லாம் வெந்து போச்சுங்கறாங்க. ஆனா அந்தப் பையன் வீட்டு டிவில அது மூணு ஆங்கிளா தெரியவே இல்ல, ஒரே கசகசப்பு மூணு தடவ. இத்தனைக்கும் கைய வேக வெச்சிக்கிட்டு மனுசன் காட்டுன வித்தைய என் சிடி கோளாறுன்னு நெனச்சு ஒருத்தன் பத்து ரூபா திருப்பிக் கேக்கறான். குடுத்தேன். என்ன பண்றது.

அன்னிக்குத்தான் எனக்கு ஒண்ணு உறைச்சுது. மட்டமான காப்பில அடி தெரியும், சிரிப்பு தெரியாது. அடிக்கு சத்தம் துணை இருக்கு, கண்ண மூடிக்கிட்டாக்கூட யாரோ வாங்கிக் கட்டிக்கறான்னு புரிஞ்சுரும். சிரிப்புக்கு அந்தத் துணை இல்ல.

இதுல நம்ம ஊரு ஆளுங்களுக்கு ஒரு தனிப் பிரச்சனை இருக்குன்னு நான் நெனைக்கறேன். நாம காதால சிரிச்சுப் பழகினவங்க. ரேடியோல ஒலிச்சித்திரம் போடுவான், ஒரு மணி நேரம் படத்தோட வசனம் மட்டும், அதைக் கேட்டு வீடே சிரிக்கும். கவுண்டமணி செந்தில் காமெடிய கேசட்டா வித்தாங்க, மினி பஸ்ல அதைப் போட்டுக்கிட்டுத்தான் கொண்டை ஊசி வளைவெல்லாம் ஏறுனோம், டிரைவர் உட்பட யாரும் படத்தப் பாக்கல, ஆனா எல்லாரும் சிரிச்சோம். வடிவேலு குரல் பக்கத்து வீட்டு டிவிலேர்ந்து வந்தாலே போதும். அந்தப் பழக்கத்துல, காமெடின்னா பிரிண்ட் முக்கியமில்லன்னு நமக்கு ஒரு நெனப்பு ஊறிப்போச்சு. ஜாக்கி சான் அந்த ரகம் இல்லீங்க. அவர் நம்ம நாகேஷ், சந்திரபாபு ரகம், முட்டியும் முழங்கையும் பேசணும். சின்னப் பையனா இருக்கறப்பவே சீன ஆபரா பள்ளிக்கூடத்துல கொண்டு விட்டு உடம்ப வளைச்ச ஆளு, அவருக்கு டயலாக்கு உடம்புலதான் இருக்கு. சொல்லப்போனா அந்தக் காலத்து ஹாங்காங் படத்துல முக்கால்வாசி ஷூட்டிங்ல சத்தமே எடுக்க மாட்டாங்க, எல்லாம் பின்னாடி டப்பிங்தான், அப்புறம் நம்ம தமிழ் டப்பிங் அதுக்கு மேல. அப்ப ஒரிஜினலா மிச்சம் இருக்கறது என்ன, படம் மட்டும்தான். அதையும் மங்கலாக்கிட்டு என்னத்தப் பாக்கறது?

ட்ரங்கன் மாஸ்டர் எடுத்துக்குங்க. 1978ல வந்தது, யுவென் வூ பிங் டைரக்ஷன், அதுல ஜாக்கிக்கு வாத்தியாரா, செவப்பு மூக்கு கெழவரா வர்றவர் டைரக்டரோட சொந்த அப்பா. நான் அதை விசிடில, அதான் கடைல வாடகைக்கு விட்ட அந்த வீடியோ சிடில, கணக்கில்லாம பாத்திருக்கேன், கடைல சும்மா ஓடிக்கிட்டே இருக்கும். ஜாக்கி குடிகாரன் மாதிரி தள்ளாடித் தள்ளாடி சண்டை போடறாரு, ஆஹான்னு ரசிச்சேன். நாலு வருசத்துக்கு முன்னாடி என் பையன் நல்ல பிரிண்ட்ல முழு அகலத்துல அதைப் போட்டுக் காட்டறான், அப்பதான் மொத மொதல்ல அவர் விரலப் பாக்கறேன். குத்தறப்ப முஷ்டி மடக்கவே இல்லீங்க அந்த மனுசன்! கட்ட விரலும் ஆள்காட்டி விரலும் வளைஞ்சு, நடுவுல ஒரு சின்னக் கோப்பை இருக்கற மாதிரி புடிச்சிருக்காரு. இல்லாத கோப்பையில சரக்கு சிந்தாம தள்ளாடறாரு, அந்தக் கையாலயே எதிராளி கழுத்துல ஒரு போடு போடறாரு. அதுதான் ஜோக்கு. அது தெரியாம அத்தன வருசம் அதை வெறும் குத்துன்னு நெனச்சு வாடகைக்கு விட்டிருக்கேன் நானு. என் விசிடில அந்த விரலெல்லாம் சேந்து ஒரு உருளைக்கிழங்கு மாதிரி இருக்கும். கெழவர் மூக்கு செவப்பு வேற கன்னம் வரைக்கும் வழிஞ்சு ஏதோ அம்மை போட்ட மாதிரி. கலர் விவரத்த வீடியோல எப்பவுமே கொறச்சுத்தான் வைப்பாங்க, கேசட்லேர்ந்து காப்பி அடிச்ச சிடின்னா கேக்கவே வேணாம்.

கணக்கு சொன்னா உங்களுக்கே புரியும். நம்ம ஊரு விசிடில படம் 352க்கு 288, அதாவது மொத்தம் ஒரு லட்சம் புள்ளி. இப்ப ஃபுல் எச்டிங்கறது இருவது லட்சத்துக்கு மேல. அந்த ஒரு லட்சத்துலயும் அகலப் படத்தப் போட்டா மேலயும் கீழயும் கருப்புப் பட்டை போக 160 சொச்சம் கோடுதான் படத்துக்கு. ஜாக்கி தலைலேர்ந்து கால் வரை தெரியற மாதிரி தூரத்து ஷாட்டு வெச்சா, அவர் கைக்கு எத்தனை கோடு மிஞ்சும், விரலுக்கு எத்தனை? அவர் படத்துல முக்கால்வாசி அந்த மாதிரி ஷாட்டுதான், ஏன்னா முழு உடம்பும் தெரிஞ்சாதான் வித்தை.

ட்ரங்கன் மாஸ்டர்ல கடைசிச் சண்டை பாத்தவங்களுக்கு ஞாபகம் இருக்கும். எட்டு குடிகார தெய்வங்களோட ஸ்டைல வாத்தியாரு சொல்லிக் குடுப்பாரு, அதுல ஒண்ணே ஒண்ணு பொம்பள தெய்வம், இது பொம்பளையாட்டம் இருக்குன்னு இவர் அதை மட்டும் சரியா கத்துக்காம டபாய்ச்சிருவாரு, கடைசில வில்லன் கிட்ட மாட்டிக்கிட்டு மத்த ஏழும் தீந்து போய் அதைச் சொந்தமா இட்டுக்கட்டி ஆடுவாரு பாருங்க, இடுப்ப ஒடிக்கறது, மூஞ்சிக்கு பவுடர் போடற மாதிரி ஒரு தடவல், உடனே ஒரு குத்து. வில்லனா வர்ற ஹ்வாங் ஜாங் லீ டேக்வாண்டோ ஆளு, கால் அவருக்கு கை மாதிரி, அந்தக் கால் பம்பரமா சுத்தி வர்றப்ப இவர் வெக்கப்படறாரு. இங்க பாக்கறதா அங்க பாக்கறதா? ரெண்டையும் ஒரே நேரத்துல பாத்தாதான் சிரிப்பு வரும்.

இப்ப என் சித்தப்பா கதைக்கு வர்றேன். அவர் ஊட்டி இந்துநகர்ல பிலிம் ஃபேக்டரில இருந்தவரு. இந்துஸ்தான் போட்டோ பிலிம்ஸ், 1960ல ஆரம்பிச்சு 1967லேர்ந்து உற்பத்தி, கருப்பு வெள்ளை பிலிமு, எக்ஸ்ரே பிலிமு எல்லாம் நம்ம மலைல தயாராகி நாடு பூரா போச்சுங்க, இன்னிக்கு சின்னப் பசங்களுக்கு அது தெரியாது, பூட்டின கேட்டு மட்டும் தெரியும். சித்தப்பா இருட்டுலயே வேலை பாத்து இருட்டுலயே டீ குடிச்ச மனுசன், இன்னிக்கும் கரண்டு போனா வீட்டுல அவர் ஒருத்தர்தான் எதுலயும் முட்டிக்காம நடப்பாரு. கடை ஓடிக்கிட்டு இருந்தப்ப ஒரு நாள் வந்து உக்காந்து என் விசிடியப் பாத்துட்டுச் சொன்னாரு, "டேய், இது மங்கல் இல்லடா, இது கட்டம். பிலிமுல இருக்கறது பொடி, வெள்ளி உப்போட பொடி. பொடி ஓடிக்கிட்டே இருக்கும், கண்ணு சேத்துப் பாத்துக்கும். கட்டம் அப்படி இல்ல, கண்ணக் குத்தும்."

அவர் சொன்னது இப்பதான் இன்னொரு பக்கமும் புரியுது. சில புது பிரிண்ட்ல அந்தப் பொடிய அழுக்குன்னு நெனச்சு கம்ப்யூட்டர்ல துடைச்சு எடுத்துடறாங்க. துடைக்கறப்ப தோலோட சுருக்கமும் வேர்வையும் சேந்து போயிருது, ஆளுங்க மூஞ்சி மெழுகு பொம்மை மாதிரி வழவழன்னு. அடி வாங்கின மூஞ்சில வேர்வை இல்லன்னா அது என்னங்க அடி. அதனால ஃபோர்கேன்னு அட்டைல போட்டிருந்தா நல்ல பிரிண்டுன்னு நான் சொல்ல வரல. அந்த வாசகர் சொன்னதுல அம்மட்டும் நியாயம் இருக்கு, ஒத்துக்கறேன்.

மொபைல்ல பாக்கற கதை தனி. கட்டபெட்டு தாண்டினா சிக்னல் ஒரு கோடு, ரெண்டு கோடு. ரெண்டு பேரு நின்னு பேசறப்ப படம் பளிச்சுன்னு இருக்கும், அடிக்க ஓங்கினா உடனே கட்டம் கட்டமா செதறும், கரெக்டா அப்பதான் செதறும், ஏதோ வேணும்னே செய்யற மாதிரி. வேணும்னுதான் இல்ல, அதுக்கு காரணம் இருக்கு. வீடியோ ஒவ்வொரு ஃபிரேமையும் முழுசா அனுப்பாது, போன ஃபிரேமுக்கும் இதுக்கும் மாறினத மட்டும்தான் அனுப்பும். நம்ம தேயிலைக் கொழுந்து வாங்கற ஏஜென்ட் நோட்டு மாதிரி வைங்களேன், தினம் வர்ற ஆளுங்க பேரெல்லாம் அப்படியே இருக்கும், எடை மட்டும் மாத்தி எழுதுவாரு, வேலை சுளுவா முடியும். ஒரு நாள் எல்லாமே மாறி ஆளும் புதுசு எடையும் புதுசுன்னு ஆச்சுன்னா அவர் கை ஓடாது, கிறுக்குவாரு. சண்டைன்னா எல்லாமே மாறுது, ஆளு, துணி, ஸ்டூலு, ஒடையற பானை, எல்லாம். கொறஞ்ச நெட்டுல அதை எழுத எடமில்ல, கிறுக்கித் தள்ளிருது. அதனால அழுகாச்சி சீரியல் எந்த சிக்னல்லயும் நல்லாத் தெரியும், பாவம் ஜாக்கி சான் மட்டும் மாட்டிக்கறாரு. டிஷ் வெச்சவங்களுக்கு ஜூன் ஜூலை மழைல என்ன ஆகும்னு நான் சொல்ல வேணாம், கூடலூர்க்காரங்களக் கேளுங்க.

குன்னூர்ல மச்சான் வீட்டுல 55 இன்ச்சு டிவி வாங்கினாரு. போன தீவாளிக்குப் போயிருந்தப்ப பெருமையா இதே ட்ரங்கன் மாஸ்டரப் போட்டாரு. பாத்தா ஏதோ கல்யாண வீடியோ மாதிரி இருக்கு, வழுக்கிக்கிட்டு ஓடுது, அடி மேல வெயிட்டே இல்ல. பிரிண்ட் நல்லா இருக்கு, டிவி நல்லா இருக்கு, பின்ன என்ன கோளாறுன்னு ரிமோட்ட வாங்கி செட்டிங்ஸ் உள்ள போனா, மோஷன்னு ஒரு ஆப்ஷன் ஆன்ல இருக்கு. சினிமா நொடிக்கு 24 ஃபிரேமுங்க. இந்த டிவி நடுவுல இல்லாத ஃபிரேம அதுவா கற்பனை பண்ணி சொருகுது. இதுல கூத்து என்னன்னா, சண்டைக் காட்சிய அவங்க எடுக்கறப்பவே கேமராவ 24க்கு பதிலா 22, 20ன்னு கொஞ்சம் மெதுவா ஓட்டி எடுப்பாங்க, போடறப்ப 24ல போட்டா ஆளு ஒரு துளி வேகமா தெரிவான், அந்தத் துளிலதான் காமெடி டைமிங்கே. அளந்து போட்ட உப்பு மேல டிவி இன்னொரு பிடி உப்பு போடுது. ஆஃப் பண்ணேன். மச்சான் ரெண்டு நிமிஷம் பாத்துட்டு, "மாப்ள, இப்பதான் வலிக்குது"ன்னாரு. அக்கா மட்டும் முன்னாடி இருந்ததே நல்லா இருந்துச்சுன்னாங்க, அதையும் எழுதிடறேன், இல்லன்னா நாளைக்கு சண்டை வரும்.

இனிமேதான் இந்தக் கடிதம் எழுத வெச்ச விசயத்துக்கு வர்றேன். எங்க ஏரியா கேபிள்ல ஞாயித்துக்கிழமை மத்தியானம் பழைய படம் போடறாங்க, புண்ணியமா போகட்டும், போன மாசம் ட்ரங்கன் மாஸ்டரே போட்டாங்க. ஆனா எப்படிப் போட்டாங்க? மேலயும் கீழயும் கருப்பு பட்டை தெரிஞ்சா ஜனங்க திட்டறாங்கன்னு படத்த ஜூம் பண்ணி ஸ்கிரீன் ரொப்பிட்டாங்க. இந்தப் படமெல்லாம் நல்ல அகலம், அதை இப்ப இருக்கற டிவிக்கு ஜூம் பண்ணா ரெண்டு பக்கமும் சேந்து கால்வாசி படம் காலி, பழைய டப்பா டிவிக்கு வெட்டினப்ப நூத்துக்கு நாப்பது போச்சு, அதுக்கு இது தேவலன்னு வேணா சொல்லிக்கலாம். ரெண்டு பேரு சண்டை போடறாங்க, ஒருத்தர் எடது ஓரம், ஒருத்தர் வலது ஓரம். ஜூம்ல ஒரு பக்கம் ஒரு தோளு, இன்னொரு பக்கம் ஒரு மூக்கு, நடுவுல காலி மைதானம். யாரு யாரை அடிச்சா?

அது போகட்டும்னா, கீழ ஒரு ஸ்க்ரோல். காலிஃபிளவர் நாத்து கிடைக்கும், பழைய பிரிட்ஜ் விற்பனைக்கு, ஒரு நகைக்கடை, ஒரு பல் டாக்டரு, இவங்க எல்லாரும் சேந்து ஸ்கிரீன்ல அடியில ஒரு சாண் எடத்தப் புடிச்சுக்கிட்டாங்க. குடிகாரன் சண்டைல உசுரு எங்க இருக்கு? கால்ல. மேல் உடம்பு விழற மாதிரி ஆடும், கீழ காலு கரெக்டா எட்டு வெச்சு நிக்கும், அந்த ரெண்டுக்கும் நடுவுல இருக்கற பொய்லதான் சிரிப்பு. எங்க கேபிள்ல ஜாக்கிக்கு முட்டிக்குக் கீழ காலிஃபிளவர். ஆளு தள்ளாடறாரு, ஏன் விழாம நிக்கறாருன்னு தெரியல, வில்லன் காலத் தூக்கினாத்தான் ஒரு காலாவது தெரியுது. என் பக்கத்துல எங்கம்மா, எழுவது வயசு, என்கூட கடைல இந்தப் படத்தப் பாத்தவங்க, அவங்களே கேட்டாங்க, "ஏண்டா, இவனுக்கு காலு என்னாச்சு?"

ஆசிரியர் ஐயாவுக்கு என் கோரிக்கை ஒண்ணுதான். நீங்க வெள்ளிக்கிழமை சினிமா பக்கத்துல வார இறுதில டிவில, ஓடிடில என்ன படம்னு லிஸ்ட் போடறீங்க, அதுல பழைய சண்டைப் படத்துக்கு மட்டுமாவது முழு அகலமா, வெட்டினதான்னு ஒரு வார்த்தை சேத்துப் போடுங்க. கருப்பு பட்டை வந்தா அது டிவி கோளாறு இல்ல, படம் முழுசா இருக்குன்னு அர்த்தம்னு ஒரு வாட்டி பெருசா கட்டம் கட்டிப் போட்டீங்கன்னா கேபிள்காரருக்கு போன் பண்ணித் திட்டறவங்க கொறைவாங்க, அவரும் ஜூம் பண்றத விடுவாரு. அவரையும் முழுசா குத்தம் சொல்ல முடியாது.

ஸ்க்ரோலுக்கு மட்டும் நானே போன் பண்ணிக் கேட்டுட்டேன். தம்பி, சண்டை வர்ற நேரம் மட்டுமாவது அதைத் தூக்கி மேல வைங்களேன்னு. அவர் கொஞ்ச நேரம் யோசிச்சிட்டு, "அண்ணே, மேல வெச்சா மூஞ்சி மறையும், பரவால்லியா?"ன்னாரு. பரவால்ல, மூஞ்சி தெரியலன்னாலும் தேவலன்னு சொன்னேன். நாத்துக்காரர் பத்து நாளைக்குக் காசு கட்டியிருக்காராம், கேட்டுச் சொல்றேன்னிருக்காரு.

இப்படிக்கு,
பழைய சிடி கடைக்காரன்,
கோத்தகிரி, நீலகிரி மாவட்டம்.